யாரூட்டுப் புள்ள?

தீவில் ஒதுங்கிய பெண்களும் அவர்களின் பெயர்களும்
(அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



அமெரிக்காவின் தொடக்ககால சாகசப் புனைவுகளில் தீவிலும் காட்டிலும் தனித்து விடப்பட்ட பெண்களைப் பற்றிப் பேசப் போகிறேன் என்று சொன்னபோது நண்பர் ஒருவர் சிரித்தார். "கடலே இல்லாத கோயமுத்தூர்ல உக்காந்துட்டு கப்பல் ஒடைஞ்ச கதையாங் மேடம்?" என்றார். கேட்டதில் நியாயம் உண்டு. ஆனால் இந்த மண்ணுக்குக் கடலோடு பழைய உறவு இருக்கிறது. மேற்குக் கரையில் இறங்கிய சரக்கு பாலக்காட்டுக் கணவாய் வழியாகத்தான் உள்ளே வந்தது. நொய்யல் கரையில் கொடுமணலில் கல்மணி செய்தார்கள். வெள்ளலூர் மண்ணைத் தோண்டியபோது ரோமானிய நாணயங்கள் கிடைத்தன. கடல் இங்கே வரவில்லை. அது கொண்டுவந்த பொருளும் கதையும் வந்து சேர்ந்தன.

இந்தத் தலைப்பை நான் எடுத்ததற்கு நெருக்கமான காரணம் வேறு. காங்கயம் பக்கத்துக் கிராமம் ஒன்றில் பிறந்தவள் நான். சிறுவயதில் எந்தக் கல்யாண வீட்டுக்குள் நுழைந்தாலும் பெரியவர்கள் கேட்கும் முதல் கேள்வி, "அம்மிணி, நீ யாரூட்டுப் புள்ள?" என்பதுதான். என் பெயரை யாரும் கேட்டதில்லை. வீட்டைச் சொன்னால் போதும், என்னை அறிந்துகொண்டதாக அர்த்தம். வீட்டைச் சொல்ல முடியாத பெண் என்ன ஆவாள்? இன்றைய பேச்சு முழுவதும் இந்த ஒரு கேள்வியைச் சுற்றியே போகும்.

1. அன்காவின் கதை

1767-ஆம் ஆண்டு லண்டனில் ஒரு நாவல் இரண்டு பாகங்களாக வெளிவந்தது. பெயர் 'தி ஃபீமேல் அமெரிக்கன்'. அன்கா எலிசா விங்க்ஃபீல்ட் என்ற பெண் தன் கதையைத் தானே எழுதியதாகச் சொல்லிக்கொள்ளும் நூல் அது. லண்டனில் அச்சான நூல் அமெரிக்கப் புனைவு ஆகுமா என்று கேட்கலாம். 1800-ஐ ஒட்டி மாசசூசெட்ஸின் நியூபரிபோர்ட்டிலும், 1814-இல் வெர்மான்ட்டின் வெர்ஜென்ஸிலும் இது மறுபடி அச்சானது. அமெரிக்க வாசகர்கள் தம் கதையாக ஏற்றுக்கொண்ட நூல் இது. பிறகு நெடுங்காலம் மறக்கப்பட்டுக் கிடந்தது. 2001-இல் மிஷெல் பர்னம் பதிப்பித்த பிறகே வகுப்பறைக்கு வந்தது.

கதையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். வர்ஜீனியாவில் குடியேறிய ஆங்கிலேயக் குடும்பத்து இளைஞன் வில்லியம் விங்க்ஃபீல்ட், பூர்வகுடி மக்களிடம் சிறைப்படுகிறான். அவர்களின் இளவரசி அன்கா அவனைக் காப்பாற்றி மணக்கிறாள். பொறாமை கொண்ட அவள் தமக்கை அவளைக் கொல்லச் செய்கிறாள். தாயை இழந்த மகளுக்குத் தாயின் பெயரும் ஆங்கிலப் பெயரும் சேர்ந்து அன்கா எலிசா என்று பெயர். இங்கிலாந்தில் பாதிரியாரான சித்தப்பா வீட்டில் வளர்கிறாள். நிறம் மாநிறம், உடை பாதி அந்த ஊர், பாதி இந்த ஊர், கையில் வில். பெண் கேட்டு வந்தவர்களிடம், என்னைப் போல அம்பு எய்யத் தெரிந்தவனைத்தான் கட்டிக்கொள்வேன் என்று சொல்லிச் சிரிக்கிறாள்.

தந்தை இறந்த பின் கப்பல் ஏறுகிறாள். சொத்துள்ள பெண், துணைக்கு ஆள் இல்லை. கப்பல் தலைவன் தன் மகனை மணந்துகொள் என்கிறான். மறுக்கிறாள். ஆளில்லாத தீவு ஒன்றில் அவளை இறக்கிவிட்டுக் கப்பல் போய்விடுகிறது.

இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும். 1719-இல் டேனியல் டெஃபோ எழுதிய ராபின்சன் குரூசோவைத் தீவில் ஒதுக்கியது புயல். அன்காவை ஒதுக்கியது ஒரு கல்யாணப் பேச்சு. ஆணுக்குக் கடல் பகையானது. பெண்ணுக்குக் கடலில் பழுது ஒன்றும் இல்லை, கப்பலில் இருந்த மனிதன்தான் பகை. சாகசக் கதைகளில் பெண்களைப் பற்றி என்னிடம் கேட்டால், இந்த ஒரு வேறுபாட்டிலிருந்துதான் தொடங்குவேன்.

தீவில் அவள் என்ன செய்கிறாள் என்பதும் வேறு மாதிரி. குரூசோ வேலி கட்டினான், பானை சுட்டான், கணக்கு எழுதினான். அன்காவுக்கு முன்பே அங்கே ஒரு துறவி வாழ்ந்திருக்கிறான். எதைத் தின்னலாம், எங்கே தங்கலாம் என்று அவன் எழுதிவைத்த ஏடு அவள் கைக்குக் கிடைக்கிறது. பிழைப்பது அவளுக்குப் பெரிய பாடாக இல்லை. அவள் பாடு, தான் யார் என்பது.

தீவில் பழைய சூரியக் கோயில் ஒன்று பாழடைந்து கிடக்கிறது. அதில் பொன்னாலான பெரிய சிலை, உள்ளே கூடு. உள்ளே ஏறி நின்று பேசினால் குரல் பெருகி வெளியே முழங்குகிறது. ஆண்டுக்கு ஒருமுறை பக்கத்து நிலத்து மக்கள் வழிபட வருவார்கள் என்று துறவியின் ஏடு சொல்கிறது. அவர்கள் வருகிறார்கள். அன்கா சிலைக்குள் புகுந்து, அவர்கள் மொழியிலேயே பேசுகிறாள். ஒரு பெண் வருவாள், அவள் சொல்வதைக் கேளுங்கள் என்கிறது சிலை. தன்னைப் பற்றிய சிபாரிசுக் கடிதத்தைத் தெய்வத்தின் வாயால் தானே வாசித்துக்கொண்ட பெண் உலக இலக்கியத்தில் அதிகம் பேர் இருக்க மாட்டார்கள்.

பிறகு வெளியே வருகிறாள். அவர்களுக்குக் கிறித்துவ சமயம் போதிக்கிறாள், விவிலியத்தை அவர்கள் மொழியில் தருகிறாள். அரசியைப் போல மதிக்கிறார்கள். இந்த நிலையில் அவளைத் தேடி ஒரு கப்பல் வருகிறது. அதில் அவளுடைய சித்தப்பா மகன் ஜான். அவனுக்கு அவள் மேல் நெடுநாள் விருப்பம், அவளுக்கு இல்லை. ஆனாலும் அவன் விடாமல் கேட்க, மனமில்லாமலே இசைகிறாள். இருவரும் அங்கேயே தங்கிவிடுகிறார்கள். வெளி உலகுக்குத் திரும்பவில்லை. அந்தச் சிலையை வெடிமருந்து வைத்துத் தகர்க்கிறார்கள்.

இந்த நாவலைப் பாடம் நடத்தும்போதெல்லாம் மாணவியர் முதல் பாதிக்குக் கை தட்டுவார்கள், கடைசியில் முகம் சுருங்குவார்கள். ஒரு கல்யாணத்தை மறுத்ததால் தீவுக்கு வந்தவளை, மீட்க வந்த கப்பல் இன்னொரு கல்யாணத்தோடு வந்து பிடிக்கிறது. அதோடு அவள் பேசிய குரல் போகிறது. குரல் கொடுத்த சிலையும் தூளாகிறது.

ஆனால் பெண் என்பதற்காக மட்டும் அன்காவை நாம் கொண்டாடிவிட முடியாது. அவளுக்குப் பூர்வகுடி மொழி தெரிந்தது தாயால். அந்தத் தாய்வழி மொழியைக் கொண்டுதான் தாயைப் போன்ற மக்களின் தெய்வத்தை இறக்கி வைக்கிறாள். அவர்களிடம் அவள் சொன்ன முதல் சொல்லே மாறுவேடத்தில் சொன்னது. குடியேற்ற நாடுகளின் வரலாறு தெரிந்த நாம் இதைக் கண்டுகொள்ளாமல் போகக் கூடாது. இரண்டு குலத்துக்கும் நடுவே நிற்பவள் இரண்டுக்கும் பாலமாவாள் என்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம். பாலத்தில் எந்தப் பக்கத்துச் சரக்கு எந்தப் பக்கம் போகிறது என்று யாராவது கேட்க வேண்டும்.

2. காட்டில் இரண்டு பெண்கள்

அன்கா ஆகாயத்திலிருந்து குதித்துவிடவில்லை. அவளுக்கு முன்னும் பின்னும் அமெரிக்க அச்சகங்களில் பெண்கள் தனித்து விடப்பட்டுக்கொண்டே இருந்தார்கள். அங்கே தீவின் வேலையைக் காடு செய்தது.

மேரி ரோலண்ட்சன் என்ற பாதிரியார் மனைவி 1676 பிப்ரவரியில் மாசசூசெட்ஸின் லங்காஸ்டர் ஊர் தாக்கப்பட்டபோது சிறைபிடிக்கப்பட்டார். பதினொரு வாரத்துக்கு மேல் பூர்வகுடி மக்களோடு காட்டில் அலைந்தார். 20 பவுன் மீட்புப் பணம் கொடுத்து மீட்டார்கள். அவர் எழுதிய உண்மை வரலாறு 1682-இல் நூலானது. அவர் தன்னைக் கடைசிவரை பழைய மேரியாகவே வைத்துக்கொள்ளப் பாடுபட்டார். ஆனால் முதல் வாரத்தில் தொண்டையில் இறங்காத உணவு பின்னால் இனித்தது என்று அவரே எழுதுகிறார். நாக்கு மாறியதை மறைக்காமல் எழுதியதுதான் அந்த நூலின் நேர்மை.

அடுத்தது கற்பனைக் கதை. ஆபிரகாம் பாந்தர் என்ற புனைபெயரில் 1787-இல் ஒரு சிறு வெளியீடு வந்தது. பலமுறை மறுபதிப்புக் கண்டது. தந்தைக்குப் பிடிக்காத காதலனோடு ஓடிப்போன பெண். காதலன் காட்டில் கொல்லப்படுகிறான். தப்பி ஓடியவளை ஒரு பூதாகாரமான மனிதன் குகைக்கு இழுத்துப் போகிறான். அவள் அவனைக் கோடரியால் கொன்றுவிட்டு, அதே குகையில் ஒரு நாயோடு ஒன்பது ஆண்டு வாழ்கிறாள். இரண்டு ஆண்கள் வந்து கண்டுபிடிக்கிறார்கள். தந்தையிடம் திரும்புகிறாள். அவர் மன்னித்து, சொத்தை எழுதிவைத்து, உயிர் விடுகிறார். கதை முழுக்க அவளுக்குப் பெயர் கிடையாது. தந்தை வாய் திறந்த பிறகுதான் அவள் மறுபடி ஒரு வீட்டுப் பிள்ளை ஆகிறாள். காங்கயத்துக் கல்யாண வீட்டுக் கேள்வியேதான்.

அன்காவின் தாய் கதைக்குப் பின்னால் உண்மையான ஒரு பெண்ணின் நிழலும் இருக்கிறது. 1607-இல் ஜேம்ஸ்டவுன் குடியேற்றத்தின் முதல் தலைவர் எட்வர்ட் மரியா விங்ஃபீல்ட். நாவல் குடும்பப் பெயரை அவரிடமிருந்து வாங்கியிருக்கிறது. அந்தக் குடியேற்றத்தாரோடு பிணைந்தவள் பூர்வகுடிப் பெண் போக்கஹாண்டஸ். அது செல்லப்பெயர், இயற்பெயர் மடோவாக்கா. ஞானஸ்நானம் பெற்றபோது ரெபெக்கா ஆனாள். ஊருக்குத் திரும்பப் புறப்பட்டவள் 1617-இல் இங்கிலாந்தின் கிரேவ்ஸெண்டில் இறந்தாள். ஒரு உடம்புக்கு மூன்று பெயர், புதைத்த மண்ணோ வேறு ஊருடையது.

3. மணிபல்லவமும் வத்தவ நாடும்

தமிழில் இப்படி ஒருத்தி உண்டா? அன்காவுக்கு ஆயிரம் ஆண்டுக்கு மேல் மூத்தவளாக மணிமேகலை இருக்கிறாள். இளவரசன் உதயகுமரன் துரத்துகிறான், அவனிடமிருந்து காக்க, உறங்கும்போதே மணிமேகலா தெய்வம் அவளைத் தூக்கிச் சென்று மணிபல்லவத்தில் விடுகிறது. விழித்தவள் கடற்கரையில் தோழியைக் கூவி அழைக்கிறாள், தந்தையை நினைத்து அழுகிறாள். இங்கேயும் தீவுக்கு அனுப்பியது ஒருவன் விடாது துரத்திய ஆசைதான்.

இரண்டு கதைக்கும் உள்ள ஒற்றுமைகள் வியப்பூட்டும். அங்கே துறவியின் ஏடு; இங்கே வழிகாட்டத் தீவதிலகை. அங்கே பேசும் சிலை. இங்கே பேசும் கந்திற்பாவை. இருவருக்கும் தீவில்தான் தான் யார் என்ற அறிவு. இருவரும் சமயம் பேசுபவர்களாக மாறுகிறார்கள். ஒன்றைப் பார்த்து மற்றொன்றை எழுதியிருக்க வாய்ப்பே இல்லை. தனித்து விடப்பட்ட பெண்ணுக்கு என்னென்ன தேவைப்படும் என்று இரண்டு நாகரிகங்கள் தனித்தனியே யோசித்து ஏறக்குறைய ஒரே பட்டியலைப் போட்டிருக்கின்றன.

வேறுபாடுகள்தான் எனக்கு முக்கியம். அன்கா சிலைக்குள் புகுந்து பேசினாள். மணிமேகலை சிலை பேசக் கேட்டாள். அன்கா தீவிலிருந்து ஊருக்குப் போகவில்லை. மணிமேகலை கையில் அமுதசுரபியோடு ஊருக்குத் திரும்பினாள். அவள் முதலில் செய்தது சோறு போட்டது. சிறைக்கோட்டத்தை அறக்கோட்டம் ஆக்கியது. அவளைக் கூட்டிவர எந்தக் கப்பலும் வரவில்லை, மாப்பிள்ளையும் வரவில்லை. தானே வந்தாள்.

அதற்காக, மணிமேகலையைப் பாடிய சாத்தனார் கதையில் எல்லாம் சரி என்று சொல்ல வரவில்லை. ஊருக்குள் நடமாட அவள் காயசண்டிகை என்ற பெண்ணின் உருவம் எடுக்க வேண்டியிருந்தது. அதனால் உதயகுமரன் உயிர் போயிற்று. வஞ்சியில் சமயவாதிகளிடம் பாடம் கேட்க ஆண் துறவி வடிவம் எடுக்க வேண்டியிருந்தது. அந்த வஞ்சி நம் கரூர்தான் என்று இந்தப் பக்கத்தில் பலர் சொல்வார்கள். கரூரோ கொடுங்கல்லூரோ, பெண்ணாகப் போய்க் கேட்க முடியவில்லை என்பதில் கருத்து வேறுபாடு இல்லை.

இனி கொங்கு நாட்டுக்கே வருகிறேன். விஜயமங்கலத்துக் கொங்குவேளிர் பாடிய பெருங்கதை நம் மண்ணின் காப்பியம். முதலும் முடிவும் கிடைக்காமல் போன அதை உ.வே.சாமிநாதையர் 1924-இல் பதிப்பித்தார். வத்தவ நாட்டு அரசன் உதயணன் கதை அது. அதில் மானனீகை என்று ஒருத்தி வருகிறாள். கோசல நாட்டு அரசன் மகள்; போரில் சிறையாகி, பிறப்பை மறைத்து, உதயணன் மனைவி வாசவதத்தையின் அரண்மனையில் பணிப்பெண்ணாக இருக்கிறாள். உதயணன் அவள் பந்தாடக் கண்டு மயங்குகிறான். கோலம் எழுதுவது போல, யவன எழுத்தில் அவள் நெற்றியில் காதல் சேதி எழுதுகிறான். அந்தப் பகுதிக்கு முகவெழுத்துக் காதை என்றே பெயர். வெள்ளலூரில் யவன நாணயம் கிடைத்த நாட்டுப் புலவர், ஒரு பெண்ணின் நெற்றியையே ஓலையாக்கி யவன எழுத்தை எழுதிவைத்தார்.

சேதி தெரிந்ததும் வாசவதத்தை அவள் கூந்தலை அறுக்கச் சொல்கிறாள். அமைச்சர்கள் ஏதேதோ செய்து நேரத்தைக் கடத்துகிறார்கள். அதற்குள் கோசல அரசனின் ஓலை வருகிறது. மானனீகை யார் என்று தெரிகிறது. அவள் வாசவதத்தைக்கே உறவு. கத்தி விலகிவிடுகிறது. கூந்தல் தப்புகிறது. கல்யாணம் நடக்கிறது.

இதே உதயணன் கதையின் இன்னொரு கிளையில், ஏழாம் நூற்றாண்டு அரசர் ஹர்ஷர் எழுதிய ரத்னாவளி நாடகத்தில், இப்படிப்பட்ட பணிப்பெண் நேராகவே கப்பல் உடைந்து வந்தவள். சிங்கள நாட்டு இளவரசி. ஒரு பலகையைப் பற்றிப் பிழைத்தாள். கடலிலிருந்து வந்ததால் சாகரிகை என்று பெயர் வைத்துப் பணிப்பெண் ஆக்கினார்கள். கழுத்தில் கிடந்த மணிமாலைதான் அவளைக் காட்டிக்கொடுத்தது.

ஓலை வராத மானனீகை என்ன ஆகியிருப்பாள்? மாலை இல்லாத சாகரிகை? அதே அரண்மனையில் உண்மையாகவே பணிப்பெண்ணாகப் பிறந்தவளுக்கு எந்த அரசன் ஓலை அனுப்புவான்? நம் காப்பியங்களும் அமெரிக்கப் புனைவுகளும் ஒரு விஷயத்தில் ஒரே கட்சி. பெரிய வீட்டுப் பெண் தொலைந்தால்தான் கதை. பெரிய வீட்டுப் பெண் கிடைத்தால்தான் சுபம்.

4. உண்மையான தீவுகள்

வீட்டுப் பெயர் இல்லாத பெண்களும் கடல் கடந்தார்கள். அவர்களைக் கதாநாயகி ஆக்கி யாரும் நாவல் எழுதவில்லை; குமாஸ்தாக்கள் ஜாபிதா எழுதினார்கள். சென்னையிலிருந்து கூலியாட்களோடு புறப்பட்ட ட்ரூரோ கப்பல் 1860 நவம்பர் 16-இல் நேட்டாலின் டர்பன் துறையை அடைந்தது. 1879-இல் தொடங்கிய ஃபிஜித் தீவுக் கூலிப் பயணத்தில் 1903 முதல் சென்னையிலிருந்தும் கப்பல்கள் போயின. 100 ஆண்களுக்கு 40 பெண்கள் இருக்க வேண்டும் என்பது விதி. எண்ணிக்கைக்காகவே பெண்கள் சேர்க்கப்பட்டார்கள். சீட்டில் பெயர், தந்தை பெயர், வயது, உயரம், சாதி, ஊர், உடம்பில் உள்ள அங்க அடையாளம் எல்லாம் இருக்கும். யாரூட்டுப் புள்ள என்று அரசாங்கமே கேட்டு எழுதிக்கொண்டது. ஆனால் தேடிக் கப்பல் அனுப்புவதற்காக அல்ல, ஓடிப்போனால் பிடிப்பதற்காக.

ஃபிஜிக் கரும்புத் தோட்டத்துப் பெண்களை நினைத்துப் பாரதி பாடினார். இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்குப் போனவர்களின் வாழ்வைப் புதுமைப்பித்தன் 'துன்பக்கேணி'யில் எழுதினார். தீவில் ஒதுக்கப்பட்ட பெண் என்றால் தமிழ் வாசகருக்கு இவர்களும் நினைவுக்கு வர வேண்டும். அன்காவுக்குப் பொற்சிலை கிடைத்தது. இவர்களுக்குக் கிடைத்தது ஒரு நம்பர்.

5. நம் ஊர்ப் பெயர்கள்

கடைசியாக ஒன்று. எங்கள் பக்கம் கல்யாணமாகி வந்த பெண்ணை, அவள் பிறந்த ஊரைச் சொல்லி அழைப்பது வழக்கம். கொடுமுடிக்காரி, தாராபுரத்துக்காரி, காங்கயத்துக்காரி. அவளே பிறந்த ஊருக்குப் போனால், கட்டிக்கொடுத்த ஊரின் பெயரைச் சொல்லி விசாரிப்பார்கள். எந்த ஊரில் நிற்கிறாளோ அந்த ஊர் அவள் பெயரில் இருக்காது. என் மாமியார் எழுபது வயது வரை ஒரே வீட்டில் வாழ்ந்தார். கடைசிவரை அந்த ஊருக்கு அவர் வேறு ஊர்க்காரி. அவர் இறந்தபோது துக்கச் சீட்டு அச்சடிக்கப் போனவர், "பெரியாத்தா பேரு என்னங்க?" என்று திண்ணையில் நின்று கேட்டார். இரண்டு பேர் இரண்டு பெயர் சொன்னார்கள்.

அப்போதுதான் எனக்கு அன்கா எலிசாவின் கதை முழுதாகப் புரிந்தது. பெண் ஒதுங்குவதற்குக் கப்பல் உடைய வேண்டியதில்லை, கடலும் தேவையில்லை. தீவுக்கதை எழுதியவர்கள், வீட்டுக்குள்ளே பழகிப் போனதால் கண்ணுக்குத் தெரியாமல் இருந்ததை எடுத்துக் கடலுக்கு நடுவே வைத்துக் காட்டினார்கள். அந்தக் கதைகளின் மதிப்பு அதில்தான் இருக்கிறது. அவற்றின் குறையையும் சொல்லிவிட்டேன்: அவை ஒருத்தியை மீட்டு, பெயரைத் திருப்பிக் கொடுக்கும்போதே வேறொருவர் வீட்டில் சேர்த்துவிடுகின்றன.

இங்கே ஆய்வு செய்யும் மாணவ மாணவியருக்கு ஒரு வேண்டுகோள். தலைப்புத் தேடி அலைய வேண்டாம். உங்கள் ஊரில் அறுபது வயதுக்கு மேற்பட்ட பெண்களிடம் போங்கள். ஊர் அவர்களை எப்படி அழைக்கிறது, பிறந்த வீட்டில் எப்படி அழைத்தார்கள், ரேஷன் கார்டில் என்ன பெயர் இருக்கிறது, இவற்றில் எதைத் தன் பெயர் என்று அவர்கள் நினைக்கிறார்கள் என்று கேட்டு எழுதுங்கள். நான்கு பத்தி கொண்ட ஒரு நோட்டுப் புத்தகம் போதும். அந்த நோட்டை அருகில் வைத்துக்கொண்டு 'தி ஃபீமேல் அமெரிக்கன்' நாவலையும் மணிமேகலையையும் பெருங்கதையையும் படியுங்கள். நான் இன்று சொன்னதைவிட அதிகமாகச் சொல்வீர்கள்.

அன்கா எலிசா விங்க்ஃபீல்ட் என்பது கதாபாத்திரத்தின் பெயர். அந்த நாவலை எழுதியவர் ஆணா பெண்ணா என்பதுகூட இன்றுவரை தெரியாது.